நூற்று நாற்பத்திரண்டாம் பக்கத்து முன்வேரா

அவைக்குத் தலைமை தாங்கி, என் பேச்சு நீண்டால் அடிப்பதற்கென்றே ஒரு பித்தளை மணியையும் மேசைமேல் வைத்துக்கொண்டு அமர்ந்திருக்கும் எங்கள் நூலகத் தலைவர் அவர்களே! சாவா நதியின் தென்கரையாம் டோப்ராவாவின் பெரியோர்களே! வடகரையாம் லிபோவிக்கிலிருந்து புறப்பட்டு, பாலத்து எல்லைச் சாவடியில் ஒன்றரை மணி நேரம் வரிசையில் நின்று, காவலரை வாய்க்குள் திட்டிக்கொண்டே வந்து சேர்ந்திருக்கும் அண்டைக்கரை அன்பர்களே! அடுப்பில் கொதித்த காப்பியை இறக்கி வைத்துவிட்டு ஓடோடி வந்திருக்கும் தாய்மார்களே! அவர்கள் இறக்கியிருப்பார்கள் என்று நம்பி, எதையும் இறக்காமல் வந்திருக்கும் தந்தைமார்களே! கணினிக்கு முன்னால் கண்ணைக் கெடுத்துக்கொண்டு, கைம்மாறு கருதாமல், கலைக்களஞ்சியத்துக்குக் கட்டுரை எழுதித் தள்ளும் இரு கரைத் தொண்டர் படையே! பல் பிடுங்கும் தொழிலால் இந்த ஊரில் பலருடைய சாபத்தையும் சிலருடைய வாழ்த்தையும் பெற்ற இந்த டிஹானா, உங்கள் அத்தனை பேருக்கும் தலை தாழ்த்தி வணக்கம் சொல்கிறேன்!

எனக்குக் கொடுத்த தலைப்பு என்ன தெரியுமா? "செர்போ-குரோஷிய மொழிச் சான்றுகளைக் கொண்டு கலைக்களஞ்சியம் எழுதுவது." பார்த்தீர்களா, மொழியின் பெயரைச் சொன்னதுமே பின்வரிசையில் முணுமுணுப்பு! என்ன ஐயா அங்கே? "குரோஷிய மொழின்னு சொல்லுங்க"ன்னு ஒரு குரல். "போஸ்னிய மொழி"ன்னு இன்னொரு குரல். கதவோரத்திலிருந்து "செர்பிய மொழி." மூன்று பேரும் இப்போது சண்டை போட்டுக்கொண்டீர்களே, எந்த மொழியில் போட்டீர்கள்? ஒருவர் திட்டியது இன்னொருவருக்குப் புரிய மொழிபெயர்ப்பாளரையா கூட்டி வந்தீர்கள்? ஒரு வசவாவது வீணாய்ப் போனதா? போகவில்லையே! ஆகவே அன்பர்களே, வியன்னாவிலே வீட்டு வேலைக்குப் போன நம் பெண்கள் ரயிலிலே சந்தித்தால் எப்படிச் சொல்வார்களோ, அப்படியே நானும் இன்று "நம்ம மொழி" என்று சொல்லிவிட்டுப் போகிறேன். மணியடிக்க வேண்டாம் தலைவரே, இன்னும் தொடங்கவே இல்லை.

சென்ற மார்ச் மாதம். என் மருத்துவமனை நாற்காலியில் ஓர் அம்மாள் வந்து உட்கார்ந்தார். எண்பது வயது. கீழ்த்தாடைக் கடைவாய்ப்பல். ஊசி போட்டுவிட்டு மரத்துப்போகக் காத்திருக்கும் பத்து நிமிடம்தான் ஒரு பல் மருத்துவருக்கு வாய்த்த பேச்சு நேரம். அந்தப் பத்து நிமிடத்தில் அந்த அம்மாள் என் வாழ்க்கையையே தலைகீழாகப் புரட்டிப் போட்டுவிட்டார்.

"ஏம் பொண்ணே, நீ அந்தக் கம்ப்யூட்டர் களஞ்சியத்துல எழுதறியாமே. அறுபத்தஞ்சாம் வருஷத்து வெள்ளத்தைப் பத்தி எழுதினது நீதானா?"

"நான்தான்ம்மா. ஏன், எதாவது தப்பா?"

"போஸ்ட்மாஸ்டர் ஓப்ராத் டெலிபோன்ல உக்காந்து பதினோரு ஊரை எச்சரிச்சாருன்னு எழுதியிருக்கே."

"ஆமா. எல்லாப் பத்திரிகையிலயும் அப்படித்தானே இருக்கு? போட்டோவே இருக்கே!"

"போட்டோவுல இருக்கறது அவரு. போன்ல இருந்தது நான்டி."

அவர்தான் முன்வேரா. அப்போது பத்தொன்பது வயதுப் பெண். முன்வேரா தாலிச், டோப்ராவா அஞ்சலகத்தின் டெலிபோன் ஆபரேட்டர். வெள்ளிக்கிழமை மதியம் சாவா கரை உடைத்தது. போஸ்ட்மாஸ்டர் என்ன செய்ய வேண்டும்? பதிவுத் தபால்களையும் முத்திரைகளையும் மேட்டுக்குக் கொண்டுபோக வேண்டும். அது மேலிடத்து உத்தரவு. அவர் கொண்டு போனார். போகும்போது, "பொண்ணே, நீயும் வந்துடு" என்றார். "இந்த ஒரு ஊருக்குச் சொல்லிட்டு வரேன்" என்றாள் அவள். ஒரு ஊருக்குச் சொன்னாள். அடுத்த ஊர் ஞாபகம் வந்தது. அதற்கடுத்த ஊர் ஞாபகம் வந்தது. ஆற்றுக்கு அந்தப் பக்கம் ஊர்கள் ஞாபகம் வந்தன. தண்ணீர் கணுக்காலைத் தொட்டது, அவள் நாற்காலியில் ஏறினாள். தண்ணீர் நாற்காலியைத் தொட்டது, அவள் மேசையில் ஏறினாள். மின்கலங்கள் மேல்தட்டில் இருந்ததால் இணைப்புப் பலகை உயிரோடு இருந்தது. அது உயிரோடு இருக்கும்வரை நானும் இருப்பேன் என்று அவளும் இருந்தாள். ஞாயிறு காலை படகில் வந்து தூக்கினபோது அவளுக்குக் காய்ச்சல் நூற்று நான்கு. நேரே ஆஸ்பத்திரி. ஒரு மாதம்.

அந்த ஒரு மாதத்தில்தான் தலைநகரத்துப் பத்திரிகைக்காரர் வந்தார். "யார் இங்கே பொறுப்பு?" என்று கேட்டார். போஸ்ட்மாஸ்டரைக் காட்டினார்கள். "பலகை பக்கத்துல நில்லுங்க" என்றார். நின்றார். படம் பிடித்தார். முடிந்தது கதை! அறுபது வருடம், ஐயா, அறுபது வருடம்! வெள்ள நினைவு நாள் வரும்போதெல்லாம் இதே கலை மன்றத்தில், இதோ இந்த முதல் வரிசையில், ரிப்பன் கட்டிய நாற்காலியில் போஸ்ட்மாஸ்டர் குடும்பம். மூன்றாவது வரிசையில், தூணுக்குப் பக்கத்தில், முன்வேரா. கைதட்டச் சொன்னால் அவரும் கைதட்டியிருக்கிறார்!

"ஏம்மா, ஒரு நாளாவது எந்திரிச்சு சொல்லலையா?" என்று கேட்டேன்.

"சொல்லாம என்ன? வீட்டுல சொன்னேன். என் புள்ள எல்வெதின் என்ன கேட்டான் தெரியுமா? 'சரிம்மா, காகிதம் எங்கே?'ன்னான். நான் பெத்த புள்ளயே காகிதம் கேக்குறான். ஊர்க்காரன் நம்புவானா?"

அதற்குள் வாய் மரத்துவிட்டது. பல்லைப் பிடுங்கினேன். அவருக்கு வலிக்கவில்லை. எனக்கு வலித்தது.

அன்று மாலையே உட்கார்ந்து ஆங்கிலப் பதிப்பில் "முன்வேரா தாலிச்" என்று கட்டுரை எழுதிப் போட்டேன். ஏனென்றால் நகராட்சி அப்போதுதான் ஒரு தீர்மானம் போட்டிருந்தது: அஞ்சலகச் சுவரில் போஸ்ட்மாஸ்டர் பெயர் செதுக்கிய பழைய நினைவுக் கல் விரிசல் விட்டுவிட்டது, புதுக் கல்லுக்கு வாசகம் வேண்டும், கலைக்களஞ்சியத்தில் சான்றோடு என்ன இருக்கிறதோ அதையே செதுக்குவோம் என்று. நான் எழுதிய கட்டுரைக்கு ஆயுள் எவ்வளவு? இரண்டு மணி நேரம்! அதன் நெற்றியில் சிவப்புக் கட்டம்: "சான்று இல்லை. நீக்கலாமா? ஏழு நாள் விவாதம்." அடடா, எந்தத் தூரதேசத்துப் புண்ணியவான் என்று பார்த்தேன். தூரதேசமாவது! எங்கள் மருந்துக்கடைக்கு அடுத்த தெரு! போஸ்ட்மாஸ்டர் ஓப்ராத்தின் மகன், நீர்வளத் துறையில் முப்பது வருடம் வேலை பார்த்து ஓய்வு பெற்ற மிலென்கோ!

மறுநாள் காலையில் ஆளே நேரில் வந்துவிட்டார்.

"டாக்டரம்மா, எங்கப்பா செத்து இருவது வருஷம் ஆச்சு. இப்ப எதுக்கு அவரை மறுபடியும் சாகடிக்கறீங்க?"

"நான் யாரையும் சாகடிக்கலைங்க. உயிரோட இருக்கற ஒருத்தங்களைப் பத்தித்தான் எழுதினேன்."

"ஒரு வரி காட்டுங்க. அச்சுல ஒரே ஒரு வரி. காட்டிட்டா என் கையாலயே அந்தக் கல்லை மாத்தறேன். இல்லேன்னா வாயை மூடுங்க."

"என் தொழில்ல அடுத்தவங்கதான் வாயைத் திறக்கணும், நான் மூடிக்கிட்டுத்தான் இருக்கேன்" என்றேன். கோபம் எனக்கு. அன்றைக்கு வந்த நோயாளிகள் என்னை மன்னிக்க வேண்டும்.

ஏழு நாள்! முதல் நாள் தேடினேன். இரண்டாம் நாள் தேடினேன். நம் கரைப் பத்திரிகைகள் அத்தனையும் போஸ்ட்மாஸ்டர், போஸ்ட்மாஸ்டர், போஸ்ட்மாஸ்டர்! மூன்றாம் நாள், அந்தக் காலத்து நாளிதழ் ஒரு பக்கம் லத்தீன் எழுத்திலும் அடுத்த பக்கம் சிரில்லிக் எழுத்திலும் அச்சானது என்பதே எனக்கு உறைத்தது. கணினியில் ஒரே எழுத்தில் தேடினால் பாதிப் பத்திரிகை பொட்டலம் கட்டத்தானே ஆகும்? மறுபடி முதலிலிருந்து. அதிலும் இல்லை. நான்காம் நாள், ஐந்தாம் நாள். அங்கே விவாதப் பக்கத்தில் ஊர் பேர் தெரியாத ஆட்கள் வரிசையாக வந்து "நீக்கு", "நீக்கு", "நீக்கு" என்று கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தார்கள். அவர்கள்மேல் எனக்குக் கோபமில்லை. அவர்களுக்கு நம் மொழி தெரியாது. நமக்குத் தெரியுமே! நாம் என்ன செய்தோம்?

என்ன செய்தோம் என்று நானே சொல்கிறேன், அடிக்க வருகிறவர்கள் வரிசையில் வாருங்கள். ஒரே நாடாயிருந்த இரு கரையையும் இரண்டு நாடாக்கிய போர் முடிந்ததிலிருந்து தென்கரைக்காரன் தென்கரைக் காகிதத்தை மட்டும் புரட்டினான். வடகரைக்காரன் வடகரைக் காகிதத்தை மட்டும் புரட்டினான். அடுத்த கரையில் அச்சானதை அகராதி இல்லாமல் படிக்கத் தெரிந்த நாம், படிக்காமலே விட்டோம்! வெள்ளம் வந்தபோது பாஸ்போர்ட்டைக் காட்டிவிட்டா வந்தது? முன்வேரா எச்சரித்த பதினோரு ஊரில் எட்டு ஊர் எந்தக் கரையில் இருந்தது? வடகரையில்! உயிர் பிழைத்தவன் அந்தக் கரையில் இருக்க, நான் ஐந்து நாளாக இந்தக் கரையில் தேடிக்கொண்டிருந்தேன். என் முட்டாள்தனத்தை என்னவென்று சொல்ல!

ஆறாம் நாள் காலை பாலம் தாண்டினேன். லிபோவிக் நூலகத்தில் ட்ரஜென்கா என்றொரு பெண்மணி. இதோ, அந்தச் சிவப்புக் கோட்டுக்காரர், கையாட்டுகிறார் பாருங்கள்! அறுபத்தைந்தாம் வருடத்து வட்டார வார இதழின் கட்டு இரண்டையும் தூக்கி வந்து வைத்தார். நான் ஒன்றை எடுத்து முதல் பக்கம், முதல் பக்கம், முதல் பக்கம் என்று புரட்டினேன். ஒன்றும் இல்லை. அவர் இன்னொன்றை எடுத்து, காப்பியை உறிஞ்சிக்கொண்டு, கடைசிப் பக்கத்திலிருந்து படிக்க ஆரம்பித்தார்.

"என்ன அக்கா, பின்னாடியிருந்து படிக்கறீங்க?"

"யாரு செத்தாங்கன்னு பாக்காம எனக்கு பேப்பரே புரியாது."

"அவங்கெல்லாம் செத்து அறுபது வருஷம் ஆச்சே!"

"இருக்கட்டும். நான் இப்பத்தானே பாக்கறேன்!"

சிரிக்காதீர்கள்! இந்த அரங்கத்தில் யார் பத்திரிகையை முன்னாலிருந்து படிக்கிறீர்கள்? கை தூக்குங்கள் பார்க்கலாம். பார்த்தீர்களா, ஒரு கை இல்லை! காலைக் காப்பியோடு மரண அறிவிப்பு, அடுத்து ஆண்டு நினைவு, அடுத்து பொது நன்றி. ஆஸ்பத்திரியில் நம்மைப் பிழைக்க வைத்த நர்ஸுக்கும், தொலைந்த மாட்டைப் பிடித்துக் கட்டிய அயலாருக்கும் ஊரறியப் பத்திரிகையில் நன்றி சொல்வது நம் பழக்கமா இல்லையா? வீட்டில் எல்லோரும் கடைசிப் பக்கத்திலிருந்து படிக்கிறோம். ஆராய்ச்சி என்று கண்ணாடி மாட்டிக்கொண்டதும் முதல் பக்கத்துக்கு ஓடிவிடுகிறோம்! பெரிய மனுஷன் முதல் பக்கத்தில் இருப்பான் ஐயா. நன்றி கடைசிப் பக்கத்தில்தான் இருக்கும்.

திடீரென்று ட்ரஜென்கா காப்பியைக் கீழே வைத்தார். "ஏய் டிஹானா, இங்க வா. இது யாரு?"

கறுப்புக் கட்டம் போட்ட சின்ன அறிவிப்பு. மனப்பாடமாகச் சொல்கிறேன், கேளுங்கள்: "பொது நன்றி. வடகரை எட்டு ஊர் மக்களாகிய நாங்கள், தண்ணீர் மேசைவரை ஏறியும் எங்களை அழைப்பதை நிறுத்தாத டோப்ராவா தொலைபேசி நிலையத் தோழி முன்வேரா தாலிச்சுக்கு, எங்கள் குழந்தைகளின் பெயரால் நன்றி சொல்கிறோம். அழைப்பு விவரங்களை நீர்வளப் பொறியாளர் தம் அறிக்கையில் குறித்துக்கொண்டார்."

அழுதேன். சொல்வதில் வெட்கமில்லை. ட்ரஜென்காவும் அழுதார். அழுதுகொண்டே கறி அடைத்த சூடான புரேக் சாப்பிட்டோம். அவர் வெட்டி வைத்துவிட்டார், ஆறிவிடும் அல்லவா!

வெற்றி முரசு கொட்டிக்கொண்டு விவாதப் பக்கத்தில் படத்தைப் போட்டேன். கால் மணி நேரத்தில் மிலென்கோவின் பதில்: "இது காசு கொடுத்துப் போட்ட விளம்பரம். விளம்பரம் தனிச் சான்று ஆகாது. விதி உங்களுக்குத் தெரியாதா?" தெரியும். அவர் சொன்னது சரி. நூற்றுக்கு நூறு சரி! மிச்சம் இருந்தது ஒரே நாள். அந்தப் பொறியாளர் அறிக்கையோ பெல்கிரேடிலிருந்து சிரில்லிக் எழுத்தில் வந்த நீர்வளப் பருவ இதழில் இருந்திருக்க வேண்டும். அந்த இதழ் இந்த இரண்டு கரையிலும் எந்த நூலகத்திலும் இல்லை. இருந்த ஒரே ஒரு முழுத் தொகுப்பு யார் வீட்டு அலமாரியில் இருந்தது? சொல்லுங்கள்! ஆமாம், நீங்கள் சொல்வது சரிதான். மிலென்கோ வீட்டு அலமாரியில்!

கேட்கலாமா? கேட்டால் கொடுப்பாரா? தகப்பனுடைய பெயரை அழிக்கிற காகிதத்தை எந்த மகன் தன் கையால் எடுத்துக் கொடுப்பான்? ஆனாலும் எழுதினேன். "மிலென்கோ, அறுபத்தைந்தாம் வருடத்துத் தொகுதி உங்களிடம் இருக்கும். பார்த்துச் சொல்லுங்கள்." அவ்வளவுதான்.

ஏழாம் நாள் காலை. என் மருத்துவமனையில் கன்னம் வீங்கினவர்கள் ஆறு பேர். ஏழாவதாக, மடியில் ஒரு பிளாஸ்டிக் பையை வைத்துக்கொண்டு மிலென்கோ. முந்தவும் இல்லை, கூப்பிடவும் இல்லை. வரிசையில் உட்கார்ந்திருந்தார். அவர் முறை வந்தது.

"பல்லு வலியா?"

"இல்லைங்க டாக்டரம்மா. வேற வலி."

பையிலிருந்து தடித்த பழைய தொகுதியை எடுத்தார். விரலை வைத்துத் திறந்தார்.

"இதை முப்பது வருஷத்துக்கு முன்னாடியே நான் படிச்சிருக்கேன். எங்கப்பா பேரு இருக்கான்னு அட்டவணையிலே தேடினேன். இல்லை. 'சரி, பொறியாளன் மறந்துட்டான்'னு மூடி வச்சிட்டேன். யாரு பேரு இருக்குன்னு பாக்கவே இல்லைங்க. எனக்குத் தோணவே இல்லை."

அட்டவணை. மணி, நிமிடம், ஊர், இணைத்தவர். முப்பத்தொரு அழைப்பு. வெள்ளி மதியம் இரண்டு பத்துக்கு முதல் அழைப்பு. ஞாயிறு காலை ஏழு இருபதுக்குக் கடைசி அழைப்பு. இணைத்தவர் என்ற இடத்தில் முப்பத்தொரு தடவை ஒரே பெயர்: முன்வேரா தாலிச், முன்வேரா தாலிச், முன்வேரா தாலிச்!

"அடியில படிங்க" என்றார் மிலென்கோ.

அடியில் ஒரு வரி. "மேற்கண்ட விவரம் அனைத்தும் சரியென்றும், நான் அந்த நேரங்களில் நிலையத்தில் இல்லையென்றும் உறுதி கூறுகிறேன். ஓப்ராத், அஞ்சலகத் தலைவர்."

அன்பர்களே! கேட்டீர்களா! அந்த மனிதர் பொய் சொல்லவில்லை! பத்திரிகைக்காரன் நில் என்றான், நின்றார். ஆனால் கையெழுத்துப் போடச் சொன்ன இடத்தில் உண்மையைப் போட்டார்! "நான் இல்லை" என்று எழுதிக் கொடுத்தார்! அறுபது வருடமாக அவருக்கு மாலை போட்ட நாம்தான் அவரை ஒருமுறை கூடப் படிக்கவில்லை. "எங்கப்பா பேரு இருக்கறது எனக்குத் தெரியாமப் போச்சே" என்று அந்த அறுபத்தெட்டு வயதுப் பிள்ளை என் பல் நாற்காலியில் உட்கார்ந்து தேம்பினார். அவருக்குப் பின்னால் வந்து வெளியே காத்திருந்தவர்களில், நான் ஊசி போடாமலே பிடுங்குகிறேன் என்று நினைத்து இரண்டு பேர் எழுந்து போய்விட்டார்கள்.

அன்று மதியமே விவாதப் பக்கத்தில் மிலென்கோ எழுதினார். எப்படி எழுதினார்? இளைஞர்களே, இதைக் குறித்துக்கொள்ளுங்கள், இன்றைய கூட்டமே இதற்குத்தான்! நம் மொழி வரியை அப்படியே எழுதினார், எழுத்து மாறாமல். பக்கத்திலேயே ஆங்கிலத்தில் பெயர்த்துப் போட்டார். இதழின் பெயர், ஆண்டு, தொகுதி, பக்கம் நூற்று நாற்பத்திரண்டு என்று எல்லாம் கொடுத்தார். பக்கத்தைப் படம் பிடித்துச் சேர்த்தார். "நீக்கச் சொன்னவன் நான், என் கோரிக்கையைத் திரும்பப் பெறுகிறேன், அஞ்சலகத் தலைவரின் மகன்" என்று கையெழுத்துப் போட்டார். அதுவரை "நீக்கு" என்ற அத்தனை பேரும் ஒருவர் பின் ஒருவராக வந்து "வைத்திருங்கள்", "வைத்திருங்கள்" என்றார்கள். நம் மொழி தெரியாதவனுக்கும் நம் சான்று புரிந்தது! ஏன்? நாம் மறைக்காமல் காட்டினோம். ஊர் பேர் தெரியாதவன் நம்மை நம்பினான். நாம் ஒருவரையொருவர் நம்ப இன்னும் என்ன தடை?

இன்று காலை அஞ்சலகச் சுவரில் திரை விலகியதை எல்லோரும் பார்த்தீர்கள். கயிற்றை இழுத்தது மிலென்கோவின் கை. சொன்ன சொல்லைக் காப்பாற்றினார். கல்லில் மேலே முன்வேராவின் பெயர். கீழே, "இதற்குச் சாட்சி: ஓப்ராத்."

ஆனால் இப்போது எனக்கு ஒரு மனக்குறை. இத்தனையும் ஆன பிறகு முன்வேரா அம்மா எங்கே உட்கார்ந்திருக்கிறார்? அதே மூன்றாவது வரிசை! அதே தூணோரம்! என்ன அம்மா, பழக்கமா? மிலென்கோ, நீங்கள் எங்கே எழுந்து போகிறீர்கள்? என் பேச்சு இன்னும்... ஆகா! பாருங்கள், பாருங்கள், தாய்மார்களே! ரிப்பன் கட்டிய முதல் வரிசை நாற்காலியை விட்டு எழுந்து போய் அவர் கையைப் பிடித்து அழைத்து வருகிறார். மெதுவாக, அம்மா, படி இருக்கிறது. என்ன சொல்கிறார்? "இந்த நாற்காலி ஆடுது"ன்னு சொல்கிறார்! அறுபது வருடமாகப் பொய்க்கு முட்டுக் கொடுத்த நாற்காலி அம்மா, ஆடத்தான் செய்யும்! தலைவரே, மணியைக் கீழே வையுங்கள், கைதட்டலில் அது கேட்காது.

முடித்துவிடுகிறேன். முன்வேரா அம்மாவுக்குப் பக்கத்தில் வியன்னாவிலிருந்து பஸ் ஏறி இன்று விடியற்காலை வந்திறங்கிய ஒருவர் நிற்கிறார். அவர் மகன் எல்வெதின். காகிதம் கேட்ட அதே பிள்ளை. தலையைக் குனியாதே தம்பி, காகிதம் கேட்டது தப்பில்லை. கேட்பதுதான் எங்கள் தொழிலே. இப்போது நானே உன் சார்பில் கேட்கிறேன். முன்வேரா அம்மா! உங்கள் பிள்ளை கேட்கிறான், காகிதம் எங்கே? எந்தப் பக்கம்?

"நூத்தி நாப்பத்திரண்டு!"

கேட்டதா? கடைசி வரிசைக்குக் கேட்டதா? இன்னொரு முறை அம்மா!

"நூத்தி நாப்பத்திரண்டுடா, எல்வெதின்! போய்ப் படி!"

பொறுமையோடு கேட்ட பெருமக்களே, அழுத கண்ணோடு சிரிக்கும் அன்னையரே, இரு கரைகளின் என் உறவுகளே, உங்கள் அனைவருக்கும் என் நெஞ்சு நிறைந்த நன்றி. வெளியே காப்பி தயார். அதற்கு நம் மொழியில் எத்தனை பெயர் இருக்கிறதோ அத்தனை பெயரும் சொல்லிக் குடியுங்கள். வணக்கம்!